சுண்டுவிரல் பக்கத்து எலும்பு

ராமநாதபுரம் அரசு மருத்துவமனையில்
எக்ஸ்ரே அறைக்கு ஜன்னல் கிடையாது.
பதினேழு வருடமாக அங்கே
ஆட்களை உள்ளிருந்துதான் எனக்குப் பழக்கம்.

நம்புவேலைக் கொண்டுவந்தது ஒரு செவ்வாய் இரவு.
ஏர்வாடிப் பக்கம் சங்கு குளிக்கிறவன்.
கரையில் கிடந்த சாக்கில் கடல் அட்டை இருந்ததாம்.
சாக்கு யாருடையது என்று கேட்டார்களாம்.
சீட்டில் எழுதியிருந்தது:
'நிலையக் கழிவறையில் வழுக்கி விழுந்தது.'
அந்த வருடத்தில் அது ஆறாவது சீட்டு.
வாசகம் ஒன்று, கையெழுத்து ஒன்று,
பெயர்தான் வேறு.

கூட வந்த காவலர் இருளப்பனுக்கு
மீசை இன்னும் சரியாக வரவில்லை.
தண்ணீர் பாட்டிலைத் திறந்து நம்புவேல் வாயில் ஊற்றினான்,
பிறகு சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டான்.

'மூச்சை அடக்கணுமா?'
கைக்கு வேண்டியதில்லை என்றேன்.
அடக்கிக்கொண்டுதான் இருந்தான்.

விழுகிறவன் கையை ஊன்றுவான்.
ஊன்றினால் மணிக்கட்டு போகும், பெருவிரல் பக்கம்.
இது சுண்டுவிரல் பக்கத்து எலும்பு,
நட்டநடுவில், குறுக்காக,
முருங்கைக் கொப்பை ஒடித்த மாதிரி.
தலைக்கு வருவதைத் தடுக்கத்
தூக்கிய கை இப்படி முறியும்.
தரை மேலேயிருந்து வராது.

கடல் அட்டையைத் துன்புறுத்தினால் குடலைக் கக்கிவிடும்.
அதைத் தொடாதே என்று
முதல் அட்டவணையில் வைத்துக் காக்கிறது சட்டம்.
நம்புவேலும் கக்கினான், ஐந்து பெயர்.
அதில் ஒன்று
போன ஆடியில் செத்துப்போன அவன் சித்தப்பா.
அட்டைக்குக் குடல் திரும்ப முளைக்குமாம்.

கேமரா அன்றைக்குப் பழுது என்றார் ஆய்வாளர்.
'உப்புக் காத்தும்மா.'
சரி என்ற நடுவர் அம்மா
அளவு நாடாவோடு கழிவறைக்குள் போனார்.
இந்தப் பக்கம் இரண்டே முக்கால் அடி, அந்தப் பக்கம் நான்கு.
நம்புவேல் ஐந்தடி பத்து அங்குலம்.
'இதில் சாயலாம், விழ முடியாது.
எழுதிக்கொள்ளுங்கள்' என்றார்.
பிறகு, யாரையும் பார்க்காமல்:
ஓடுகிறவனை நிறுத்த எவ்வளவு வேண்டுமோ
அவ்வளவுதான் உங்களுக்குக் கொடுத்திருக்கிறது.
பிடிபட்டு உட்கார்ந்தவனுக்கு
அந்த அளவு பூஜ்ஜியம்.

கூண்டில் என்னை வக்கீல் கேட்டார்:
நீங்கள் டாக்டரா?
இல்லை.
எப்படி உடைந்தது என்று சொல்லத் தகுதி உண்டா?
இல்லை ஐயா, எங்கே உடைந்தது என்று படம் சொல்கிறது.
சட்டை ஈரமாக இருந்ததா என்று
ஒருவரும் கேட்கவில்லை.
நானே சொன்னேன்:
பொட்டு ஈரமில்லை, லுங்கியிலும் இல்லை.

இருளப்பன் எதையும் பார்க்கவில்லை என்றான்.
கேட்டாயா என்றதற்கு
சத்தம் கேட்டது என்றான்.
எத்தனை?
எண்ணவில்லை.
தொப்பியை ஒரு கையிலிருந்து மறுகைக்கு மாற்றினான்.
ஒன்பது, என்றான்.

அவனைக் கமுதிக்கு மாற்ற மூன்று நாள் ஆனது.
ஆய்வாளர் மேல் வழக்குத் தொடர
அரசு அனுமதி வேண்டும்.
கோப்பு சென்னைக்குப் போய் பதினான்கு மாதம்.
நம்புவேல் மறுபடி கடலுக்குப் போகிறான்,
மழை மூட்டம் வந்தால் மட்டும்
இடது கையை வலது கையால்
தூக்கி வைத்துக்கொள்கிறான்.

நேற்று ஒரு சீட்டு வந்தது.
அதே நிலையம், அதே கையெழுத்து,
வாசகம் மட்டும் புதுசு:
'நிலையத்தில் படியில் தவறி விழுந்தது.'
அந்த நிலையத்தை எனக்குத் தெரியும்.
கிழக்குக் கடற்கரைச் சாலையில்
மணலோடு மணலாக, மாடியில்லாத கட்டடம்.
படத்தை எடுத்தேன்.
எண் போட்டேன், நகல் ஒன்று வைத்துக்கொண்டேன்.
சீட்டின் ஓரத்தில், பேனாவால்:
எத்தனை படி?